எங்கே வாங்கினீர்கள்?

தங்கள் பெயரில் வேறு யாரோ சரக்குப் போடுகிறார்கள் என்று தெரிந்ததும் வக்கீலைத் தேடி வருகிறவர்கள், பெரும்பாலும் இரண்டு பாக்கெட்டுகளை மேசைமேல் வைத்துவிட்டுத்தான் பேசவே தொடங்குவார்கள். ஒன்று அவர்களுடையது, மற்றொன்று போலி. எது எதுவென்று நம்மால் சொல்ல முடிகிறதா என்று சோதித்துப் பார்ப்பதில், அந்தக் கோபத்துக்கு நடுவிலும் அவர்களுக்கு ஒரு திருப்தி இருக்கும். மசாலாப் பொடி, ஊதுபத்தி, மோட்டார் உதிரிபாகம், பனியன், குழாய் வால்வு என்று சரக்கு மாறுமே தவிர, அடுத்து வரும் கேள்வி மாறுவதில்லை: "அந்தக் கடைக்காரனை உள்ளே தள்ள முடியுமா சார்?" முடியும் என்பதுதான் சட்டப் புத்தகம் தரும் பதில். ஆனால் இத்தகைய வழக்குகளைச் சென்னையில் இரு தரப்புக்காகவும் நின்று நடத்தியவன் என்ற முறையில், கடைக்காரரைச் சிறைக்கு அனுப்புவது இந்தச் சட்டங்கள் செய்கிற வேலைகளிலேயே மிக அரிதானது என்றும், அவை நன்றாகச் செய்யக்கூடிய வேலை வேறொன்று என்றும் சொல்லவே இதை எழுதுகிறேன். விற்றவரைப் பார்த்து "இதை எங்கே வாங்கினீர்கள்?" என்று கேட்பதும், பதில் வரும்வரை விடாமல் இருப்பதும்தான் அந்த வேலை.

டிரேட்மார்க் சட்டம் 1999இல் நிறைவேறி, 2003 செப்டம்பர் 15 முதல் நடைமுறைக்கு வந்தது. அதன் 103ஆம் பிரிவு, பிறர் முத்திரையை, அதாவது டிரேட்மார்க்கை, போலியாகப் பொறிப்பவரைத் தண்டிக்கிறது; 104ஆம் பிரிவு, அப்படிப் பொறித்த சரக்கை விற்பவரையும் விற்பனைக்காக வைத்திருப்பவரையும் தண்டிக்கிறது. இரண்டுக்கும் தண்டனை ஒன்றே: ஆறு மாதத்துக்குக் குறையாமல் மூன்றாண்டு வரை சிறை, 50,000 ரூபாய்க்குக் குறையாமல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். இரண்டாம் முறை தண்டிக்கப்பட்டால் குறைந்தபட்சச் சிறை ஓராண்டாகவும் குறைந்தபட்ச அபராதம் 1 லட்சமாகவும் உயர்ந்துவிடும். தொழிற்சாலை வைத்துப் போலியைத் தயாரித்தவருக்கும், நான்கு டப்பாவைத் தட்டில் அடுக்கி விற்றவருக்கும் ஒரே தண்டனையா என்று கேட்கத் தோன்றும். விற்றவருக்கு அந்தப் பிரிவிலேயே ஒரு வாசல் வைக்கப்பட்டிருக்கிறது. உரிய எச்சரிக்கையுடன் நடந்தும் சந்தேகப்படக் காரணம் ஏதும் இருக்கவில்லை என்பது, சரக்கைத் தந்தவரைப் பற்றித் தமக்குத் தெரிந்த விவரம் அனைத்தையும் கேட்டவுடன் சொல்லிவிட்டேன் என்பது, வேறு வகையிலும் தாம் கள்ளமின்றியே நடந்துகொண்டேன் என்பது போன்ற விளக்கங்களை அவர் முன்வைக்கலாம். அவற்றை நிரூபிக்கும் பொறுப்பும் அவருடையதே.

அந்த நிரூபணம் நடைமுறையில் ஒரு தாளில் வந்து நிற்கிறது. ஜி.எஸ்.டி. எண்ணுடன் கூடிய கொள்முதல் பில் இருந்தால், அந்த எண்ணை இணையதளத்தில் போட்டு, தந்தவர் யார், பதிவு உயிரோடு இருக்கிறதா என்று ஐந்து நிமிடத்தில் பார்த்துவிடலாம். கடைக்காரரும் பாதிப் பாரம் இறங்கியவராக மூச்சு விடலாம். பில் இல்லை, துண்டுச்சீட்டுதான் இருக்கிறது, அல்லது அதுவும் இல்லை என்றால், தயாரித்தவருக்கும் அவருக்கும் இடையில் சட்டத்தின் பார்வையில் அதிகத் தூரம் இருக்காது. பில் இருந்தும் தப்பிக்க முடியாத நிலையும் உண்டு. அங்கீகரிக்கப்பட்ட டீலர்களுக்கே கிடைக்காத விலையில், அதில் பாதிக்கு வாங்கியிருந்தால், "சந்தேகமே வரவில்லை" என்ற வார்த்தையை எந்த நடுவரும் எளிதில் நம்பமாட்டார். 

இனி காவல்துறைக்கு வருவோம். இந்தக் குற்றங்களில் காவல்துறை நீதிமன்ற அனுமதிக்குக் காத்திராமல் வழக்குப் பதியலாம். ஆனால் பிடியாணையின்றிச் சோதனையிட்டுச் சரக்கைக் கைப்பற்றும் அதிகாரத்தை 115ஆம் பிரிவு டி.எஸ்.பி. நிலைக்குக் குறையாத அதிகாரிக்கே தருகிறது. அதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. அப்படிச் சோதனையிடும் முன், அந்தக் குற்றம் பற்றிய விவரங்களின் பேரில் டிரேட்மார்க் பதிவாளரின் கருத்தைக் கேட்டுப் பெற வேண்டும், அந்தக் கருத்துப்படியே நடக்கவும் வேண்டும் என்று அதே உட்பிரிவில் ஒரு நிபந்தனை சேர்க்கப்பட்டுள்ளது. எழுதியவர்களின் எண்ணம் நல்லதே. முத்திரை உண்மையில் யாருடையது என்று தெரியாமல் போலீஸார் ஒரு வியாபாரியின் கடைக்குள் நுழைந்துவிடக் கூடாது. ஆனால் கடிதம் கிண்டியிலுள்ள பதிவாளர் அலுவலகத்துக்குப் போய்ப் பதில் திரும்பி வருவதற்குள் கடையின் பரணில் என்ன மிஞ்சியிருக்கும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

இதற்கு வழக்கறிஞர்கள் கண்டுபிடித்த வழி காப்புரிமைச் சட்டம், அதாவது காப்பிரைட் சட்டம். பாக்கெட்டின் மேலுள்ள லேபிளும் சின்னமும் கலைப்படைப்பு என்ற வகையில் 1957ஆம் ஆண்டின் காப்புரிமைச் சட்டத்துக்குள்ளும் வருகின்றன. அதன் 64ஆம் பிரிவின்படி உதவி ஆய்வாளர், அதாவது ஒரு எஸ்.ஐ., பிடியாணையின்றிப் போலிப் பிரதிகளைக் கைப்பற்றலாம். பதிவாளரின் கருத்தைக் கேட்க வேண்டிய நிபந்தனை அங்கே இல்லை. 63ஆம் பிரிவின் தண்டனையோ டிரேட்மார்க் சட்டத்தின் அதே அளவு. அது பிணையில் விடக்கூடாத குற்றமா என்பதில் உயர் நீதிமன்றங்கள் நீண்ட காலம் மாறுபட்டு நின்றன. 2022 மே மாதத்தில் நிட் ப்ரோ இன்டர்நேஷனல் வழக்கில், பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க, பிணையில் விடக்கூடாத குற்றமே என்று உச்ச நீதிமன்றம் தீர்த்துவைத்தது. எனவே விவரம் தெரிந்தவர் எழுதும் புகாரில் லேபிளின் காப்புரிமை முதல் பத்தியிலேயே இருக்கும். டிரேட்மார்க் பின்னால் வரும். ஒரு முத்திரையைக் காக்க அதற்கென்றே எழுதிய சட்டத்தைப் பின்னால் தள்ளி, அதன் மேலுள்ள படத்தைக் காக்கும் சட்டத்தை முன்னால் நிறுத்த வேண்டியிருப்பது விசித்திரம்தான். 115ஆம் பிரிவின் அந்த நிபந்தனையை நாடாளுமன்றம் எடுத்துவிடலாம், அல்லது பதிவாளர் ஓரிரு நாளில் பதில் தர வேண்டும் என்று காலக்கெடுவாவது விதிக்கலாம் என்பது என் கருத்து.

தமிழ்நாட்டில் சி.பி.சி.ஐ.டி.யின் கீழ் அறிவுசார் சொத்துரிமை அமலாக்கத்துக்கென்றே ஒரு பிரிவு இருக்கிறது. திருட்டு வீடியோக்களைப் பிடிப்பதற்காகத் தொடங்கப்பட்டது அது. இத்தகைய புகார்களைப் பழகியவர்கள் அங்கே இருப்பதால், சாதாரணக் காவல் நிலையத்தில் "இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போங்க" என்று திருப்பி அனுப்பப்படும் அனுபவம் குறைவு. 2024 ஜூலை 1 முதல் நடப்புக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம், சோதனையையும் கைப்பற்றலையும் ஒலி, ஒளிப் பதிவு செய்ய வேண்டும் என்கிறது. பத்துப் பெட்டியை எடுத்துவிட்டு, கைப்பற்றியதைப் பட்டியலிடும் மகஜரில் ஆறு என்று எழுதினார்கள் என்ற பழைய சண்டைக்கு இனி இடம் குறையும். இருந்தாலும் இந்தக் குற்றவழக்குகளில் பெரும்பாலானவை விசாரணை முடிந்து தீர்ப்பு வரை போவதில்லை. சமரசம் செய்துகொள்ளத்தக்க குற்றங்களின் பட்டியலில் இவை இல்லாததால், இரு தரப்பும் வெளியே பேசி முடித்துக்கொண்டு, வழக்கையே ரத்து செய்யும்படி உயர் நீதிமன்றத்தில் கூட்டாக வந்து நிற்பார்கள்.

சிவில் வழக்குக்கு இருக்கும் பலம் முதல் சில நாட்களில் தெரிந்துவிடும். பதிவு பெற்ற முத்திரை என்றால், சட்டத்தின் 134ஆம் பிரிவின்படி உரிமையாளர் தாம் தொழில் செய்யும் ஊரின் மாவட்ட நீதிமன்றத்திலேயே வழக்குப் போடலாம். விற்றவர் டெல்லியில் இருந்தாலும் திருப்பூர்க்காரர் டெல்லிக்குப் போக வேண்டியதில்லை. தலைமையிடம் இருக்கும் ஊரிலேயே பிரச்சினையும் எழுந்திருக்கும்போது, கிளை இருக்கிறது என்ற சாக்கில் தொலைவிலுள்ள ஊரில் வழக்குப் போட்டுப் பிரதிவாதியை அலைக்கழிக்கக் கூடாது என்று 2015இல் சஞ்சய் டாலியா வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கு ஓர் எல்லை வகுத்தது. பதிவு செய்யாதவருக்கும் வழக்கு உண்டு, தம் சரக்கென்று பிறர் சரக்கைத் தள்ளிவிட்டதற்கு எதிராக. ஆனால் இந்தச் சொந்த ஊர் வசதி அவருக்குக் கிடையாது. தம் பெயருக்குச் சந்தையில் இருந்த நற்பெயரையும் முதலிலிருந்து நிரூபிக்க வேண்டும். தனிநபருக்கும் சிறுதொழிலுக்கும் இணையவழிப் பதிவுக் கட்டணம் ஒரு வகுப்புக்கு 4,500 ரூபாய். பதிவு பத்தாண்டு செல்லும். இருபது ஆண்டு பேரெடுத்த பலகாரக் கடைக்காரர்கூட அந்த 4,500 ரூபாயை மிச்சம் பிடித்திருப்பார்.

135ஆம் பிரிவு சிவில் பரிகாரங்களைச் சொல்கிறது: தடை உத்தரவு, இழப்பீடு, அல்லது பிரதிவாதி ஈட்டிய லாபத்துக்குக் கணக்கு, இரண்டில் ஒன்று, போலி லேபிள்களை ஒப்படைத்து அழித்தல். இவற்றைவிட முக்கியமானது அதன் இரண்டாம் உட்பிரிவு. எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகுமுன்பே தடை விதிக்கவும், ஆவணங்களை வெளிப்படுத்தச் சொல்லவும், சாட்சியங்களைப் பாதுகாக்கவும், சொத்தை வேறு கைக்கு மாற்றவிடாமல் நிறுத்தவும் நீதிமன்றத்துக்கு அது வெளிப்படையாக அதிகாரம் தருகிறது. பெயர் தெரியாத விற்பனையாளர்களுக்கு எதிராகவும் உத்தரவு வாங்கலாம். 2002 உலகக் கோப்பைக் கால்பந்தின்போது, அனுமதியின்றி ஒளிபரப்பும் கேபிள்காரர்களுக்கு எதிராக டெல்லி உயர் நீதிமன்றம் தொடங்கிவைத்த வழக்கம் அது. பிரதிவாதியின் இடத்தில் இப்போது "அசோக் குமார்" என்று போடுகிறார்கள். நாட்டிலுள்ள அசோக் குமார்கள் இதைப் பற்றி என்ன நினைக்கிறார்கள் என்று யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

இந்த உத்தரவை எடுத்துக்கொண்டு கடைக்குப் போகிறவர் நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர் ஆணையர், நம் பேச்சில் அட்வகேட் கமிஷனர். அப்படி ஆணையராக ஒருமுறை, உதிரிபாகக் கடைகள் நெருக்கியடிக்கும் ஒரு தெருவுக்கு நானும் போனேன். ஷட்டரைத் தூக்கிப் பூ போட்டு, ஊதுபத்தி ஏற்றிக்கொண்டிருந்தார் உரிமையாளர். உத்தரவின் நகலைக் கையில் கொடுத்து, அவர் தம் வக்கீலுக்குப் போன் செய்ய நேரம் கொடுத்துவிட்டு, பட்டியல் எழுத உட்கார்ந்தோம். பிரேக் ஷூ பெட்டிகள், மேல்தட்டில் ஒரு வரிசை, பரணில் அதைவிடப் பெரிய குவியல். பெட்டியின் அச்சு சுத்தமாக இருந்தது; நிறம், எழுத்து, ஹோலோகிராம் எதிலும் என் கண்ணுக்குக் குறை தெரியவில்லை. கம்பெனியிலிருந்து வந்திருந்த பொறியாளர் பெட்டியைத் திறக்கவே இல்லை. ஒவ்வொன்றையும் புரட்டி, பக்கவாட்டில் அச்சிட்டிருந்த பேட்ச் எண்ணை மட்டும் உரக்கப் படித்துக்கொண்டே போனார். எல்லாப் பெட்டியிலும் ஒரே எண். உண்மையான சரக்கில் அந்த எண்ணை ஒவ்வொரு உற்பத்திக்கும் மாற்றித் தனியாக அடிப்பார்கள்; போலி போட்டவரோ கையில் கிடைத்த ஓர் ஒரிஜினல் பெட்டியை அப்படியே பிளேட் எடுத்து அச்சடித்திருந்தார். பரணில் ஒரு பிஸ்கட் டின் நிறைய ஒட்டாத ஹோலோகிராம் சுருள்கள் கிடைத்தபோது, அதுவரை தேநீர் வாங்கி வரச் சொல்லிக்கொண்டிருந்த உரிமையாளர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

"சார், நான் கமிஷனுக்கு விக்கிறவன் சார். இது எங்க ஃபேக்டரி கெடையாது. லைன்ல வர்றவரு போட்டுட்டுப் போவாரு, அடுத்த வாரம் வந்து காசு வாங்கிக்குவாரு" என்றார். பில்லைக் கேட்டேன். பில் இல்லை. நீண்ட டைரி ஒன்றை எடுத்துக் கொடுத்தார். தேதி, எண்ணிக்கை, தொகை என்று மூன்று பத்தி; ஒவ்வொரு பக்கத்தின் மேலும் ஒரு வெளியூரின் பெயர், அதற்குப் பக்கத்தில் பென்சிலில் ஒரு செல்போன் எண். அன்று கைப்பற்றியவற்றிலேயே விலைமதிப்புள்ளது அந்த டைரிதான் என்பது அங்கிருந்த எல்லோருக்கும் புரிந்தது. அதன் பக்கங்களைப் படமெடுத்துப் பட்டியலில் சேர்த்தோம். பெட்டிகளைச் சாக்கில் கட்டி, அரக்கு முத்திரை வைத்து, இரு தரப்பும் கையெழுத்திட, அதே கடையின் பின்னறையில் அவர் பொறுப்பிலேயே விட்டுவிட்டு வந்தோம். நீதிமன்றம் கேட்கும்போது முத்திரை கலையாமல் அவர் கொண்டுவந்து காட்ட வேண்டும். என் அறிக்கைக்குப் பிறகு அந்த எண்ணைப் பிடித்துக்கொண்டு போன வாதித் தரப்பு, சரக்கு தந்தவரையும் பெட்டி அச்சடித்த அச்சகத்தையும் அதே வழக்கில் பிரதிவாதிகளாகச் சேர்த்தது. கடைக்காரர் இனி விற்பதில்லை என்று உறுதிமொழிப் பத்திரம் தாக்கல் செய்து, வழக்குச் செலவில் ஒரு பங்கைக் கட்டி விலகினார். அச்சகம் எளிதில் விலக முடியவில்லை.

இதுவே காவல்துறை வழக்காக இருந்திருந்தால், கடைக்காரர் மீது குற்றப்பத்திரிகை தாக்கலாகி, டைரி நீதிமன்றச் சொத்து அறையில் கிடந்திருக்கும் என்று நினைக்கிறேன். எல்லாப் புலனாய்வும் அப்படி என்று சொல்ல வரவில்லை. ஆனால் வழக்கின் திசையைத் தீர்மானிக்கும் உரிமை சிவில் வழக்கில் பாதிக்கப்பட்டவரிடம் இருக்கிறது. குற்ற வழக்கில் அது அரசுத் தரப்பிடம் போய்விடுகிறது. ஆகவே சரக்கு வந்த வழியைக் கண்டுபிடிக்க வேண்டும் என்பவருக்குச் சிவில் வழக்கையும், வழி ஏற்கெனவே தெரிந்து, தயாரிப்பவரின் இயந்திரத்தையும் அச்சையும் பறிமுதல் செய்ய வேண்டும் என்பவருக்குக் காவல்துறையையும் நான் சொல்லுவேன்.

கடைக்காரர்களுக்காகவும் சில வார்த்தைகள் சொல்ல வேண்டும். அவர்களுக்காக நின்ற அனுபவத்தில் நான் பார்த்த அநியாயங்களும் உண்டு. நோட்டீஸ் இல்லாமல் பெறும் உத்தரவு கூர்மையான ஆயுதம். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39ஆம் கட்டளை, 3ஆம் விதிப்படி, ஏன் நோட்டீஸ் இல்லாமல் தருகிறோம் என்பதற்குக் காரணத்தை நீதிமன்றம் எழுத வேண்டும். மனு, பிரமாணப் பத்திரம், ஆவணங்கள் அனைத்தின் நகல்களையும் வாதி உடனடியாகப் பிரதிவாதிக்கு அனுப்பி, அனுப்பியதற்குப் பிரமாணப் பத்திரமும் தாக்கல் செய்ய வேண்டும். இதைச் செய்யாமல் விட்டதற்காகத் தடை நீங்கிய வழக்குகள் உண்டு என்பதால், கடைக்காரரின் வக்கீல் முதலில் தேடுவது அந்தப் பிரமாணப் பத்திரத்தைத்தான். இன்னொரு வகைத் தொல்லை நீதிமன்றத்துக்கு வெளியே நடக்கிறது. கம்பெனியின் அதிகாரக் கடிதத்தைக் காட்டிக்கொண்டு வரும் சில தனியார் துப்பறியும் ஆட்கள், சரக்கைப் பார்த்த கையோடு, "எஃப்.ஐ.ஆர். ஆகாம முடிச்சுக்கலாம்" என்று ஒரு தொகையைச் சொல்வார்கள். வாங்கிக்கொண்ட பிறகு ரசீதும் இருக்காது, அடுத்த மாதம் வேறொருவர் வரமாட்டார் என்ற உறுதியும் இருக்காது. அப்படி வருகிறவரிடம் எழுத்து மூலம் நோட்டீஸ் கேளுங்கள். ஆதாரமில்லாமல் முத்திரை மீறல் வழக்குப் போடுவேன் என்று மிரட்டுவதற்கு எதிராக, 142ஆம் பிரிவில் மிரட்டப்பட்டவரே வழக்குத் தொடர்ந்து, தடையும் இழப்பீடும் கேட்கலாம். அந்தப் பிரிவைச் சொன்ன மாத்திரத்தில் சில ஆட்களின் குரல் இறங்குவதைக் கேட்டிருக்கிறேன்.

பணத்தைப் பொறுத்தவரை எதிர்பார்ப்பைச் சுருக்கிக்கொள்வது நல்லது. 2005இல் டைம் இதழின் சிவப்புச் சட்டகத்தைப் பின்பற்றிய ஒரு பத்திரிகைக்கு எதிரான வழக்கில், இழப்பீடு 5 லட்சமும் தண்டனையாக இன்னொரு 5 லட்சமும் விதித்து டெல்லி உயர் நீதிமன்றம் ஒரு புதுப்பாதை போட்டது. 2016இல் கார்ட்டியர் முதலிய ஆடம்பர முத்திரைகளின் போலிகளை இணையத்தில் விற்றவருக்கு எதிராக 1 கோடி ரூபாய் விதிக்கப்பட்டது. 2025 பிப்ரவரியில் ஒரு குதிரைச் சின்னத்தைப் பற்றிய வழக்கில் அமேசான் டெக்னாலஜிஸுக்கு எதிராக 300 கோடி ரூபாய்க்கும் மேல் தீர்ப்பானது. சில மாதங்களிலேயே, இரு நீதிபதிகள் அமரும் டிவிஷன் பெஞ்ச் அதை நிறுத்திவைத்தது. செய்தித்தாளில் இந்தத் தொகைகளைப் படித்துவிட்டு வரும் கட்சிக்காரரிடம் நான் சொல்வது, தெருக்கடைக்கு எதிரான தீர்ப்பை நிறைவேற்றப் போனால் அங்கே கடை இருக்காது என்பதைத்தான். லாபத்துக்குக் கணக்குக் கேட்பதும் அப்படியே. கணக்கே எழுதாதவரிடம் எதைக் கேட்பது? தவிர, முத்திரை பிறருடையது என்று தெரியாமலும் தெரிய வழியின்றியும் விற்று, தெரிந்ததும் நிறுத்திவிட்டவரிடம் பெயரளவு இழப்பீட்டுக்கு மேல் வாங்க முடியாது என்று 135ஆம் பிரிவே சொல்லிவிடுகிறது.

"ஃபர்ஸ்ட் காப்பி என்று சொல்லித்தானே விற்கிறோம், யாரை ஏமாற்றினோம்?" என்பது கைக்கடிகாரமும் காலணியும் கைப்பையும் விற்கும் இன்ஸ்டாகிராம் கடைகளின் வாதம். சட்டத்தில் அது எடுபடாது. அதே முத்திரையை அதே வகைச் சரக்கின் மேல் போட்டால், குழப்பம் ஏற்படும் என்று நீதிமன்றம் அனுமானித்தே ஆக வேண்டும் என்கிறது 29ஆம் பிரிவின் மூன்றாம் உட்பிரிவு; வாங்குகிறவரிடம் காதோடு சொன்ன உண்மை அந்த அனுமானத்தை மாற்றாது. தெரிந்தே வாங்கித் தன் உபயோகத்துக்கு வைத்துக்கொள்பவர் மீது 104ஆம் பிரிவு பாய்வதில்லை, பிற்பாடு ஏமாந்தேன் என்று புகார் செய்யவும் அவருக்கு வழியில்லை.

போலி என்ற பட்டத்தை அதற்குத் தகுதியில்லாத சரக்கின் மேலும் சில நிறுவனங்கள் ஒட்டப் பார்ப்பதுண்டு. வெளிநாட்டில் அந்த நிறுவனமே விற்ற உண்மையான பொருளை வாங்கி இங்கே இறக்குமதி செய்து விற்பது முத்திரை மீறலாகாது என்று 2012இல் சாம்சங் தொடுத்த கபில் வாத்வா வழக்கில் டெல்லி உயர் நீதிமன்ற டிவிஷன் பெஞ்ச் சொன்னது. உற்பத்தியாளரின் வாரன்டி இதற்குக் கிடையாது என்பதைக் கடையில் எழுதி வைக்க வேண்டும் என்பதே நிபந்தனை. பழைய ஹார்டு டிஸ்க்கைப் புதுப்பித்து விற்பது பற்றி 2024இல் சீகேட் வழக்கில் அதே நீதிமன்றம் தந்த தீர்ப்பு, சென்னையின் மின்னணுச் சந்தையான ரிச்சி தெருவின் வியாபாரிகள் ஒவ்வொருவரும் படிக்க வேண்டியது. யாருடைய தயாரிப்பு, யார் புதுப்பித்தது, பழைய உற்பத்தியாளரின் வாரன்டி இல்லை என்பனவற்றைப் பெட்டியிலேயே தெளிவாக அச்சிட்டால் விற்கலாம். அதை மறைத்துப் புதிய பெட்டியில் போட்டு விற்றால் வழக்குதான்.

இணையச் சந்தைகளில் சிக்கல் வேறு வகையானது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 79ஆம் பிரிவு இடைத்தரகருக்கு, அதாவது பிறர் விற்க இடம் தரும் தளத்துக்கு, அவர்கள் செய்யும் தவறுக்குப் பொறுப்பேற்காமலிருக்கப் பாதுகாப்பு தருகிறது. 2018 நவம்பரில் கிறிஸ்டியன் லூபூட்டான் வழக்கில், சரக்கைப் படம் பிடித்துப் போடுவது, பொதி கட்டுவது, தானே தரச்சான்று சொல்வது என்று தளம் விற்பனையில் இறங்கி வேலை செய்தால் அந்தப் பாதுகாப்பு நிற்காது என்றார் நீதிபதி பிரதீபா சிங். 2020 ஜனவரியில் ஆம்வே வழக்கில் டிவிஷன் பெஞ்ச், இறங்கி வேலை செய்யும் தளம், சும்மா இருக்கும் தளம் என்ற பிரிப்பே 79ஆம் பிரிவில் இல்லை என்றது. இந்த இழுபறிக்கு நடுவில் முத்திரை உரிமையாளருக்கு உடனடியாகப் பயன்படுவது, குறிப்பிட்ட இணைப்புகளைச் சுட்டித் தளத்துக்கு எழுதி நீக்கச் சொல்வதும், விற்றவரின் பெயர், முகவரி, வங்கிக் கணக்கு விவரங்களை நீதிமன்றம் மூலம் கேட்டுப் பெறுவதும்தான். நீக்கிய மறுநாளே வேறு பெயரில் அதே படம் வந்துவிடும். விவரம் கைக்கு வந்தால், ஒரே வங்கிக் கணக்கில் பல கடைப் பெயர்கள் தொங்குவது தெரியவரும்.

துறைமுகத்தில் நிறுத்துவது இவை எல்லாவற்றிலும் மலிவான வழி, ஆனால் வெளிநாட்டுச் சரக்குக்கு மட்டும். 2007ஆம் ஆண்டின் சுங்கத்துறை விதிகளின் கீழ் முத்திரையை முன்கூட்டியே பதிந்து வைத்தால், சந்தேகத்துக்குரிய கன்டெய்னரை அதிகாரிகள் நிறுத்திவிட்டுத் தகவல் தருவார்கள். பத்து வேலைநாளுக்குள் உரிமையாளர் நடவடிக்கையில் வந்து சேராவிட்டால் சரக்கு வெளியே போய்விடும்.

இவ்வளவும் முத்திரைக்கு உரியவரின் பரிகாரங்கள். பணம் கொடுத்து ஏமாந்தவர் டிரேட்மார்க் சட்டத்தின் கீழ் இழப்பீடு கேட்க முடியாது. அவருக்கு உரியது 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம். உண்மையானதென்று பொய்யாகச் சொல்லப்படும் சரக்கை அச்சட்டம் போலிச் சரக்கு என்று வரையறுக்கிறது. அதை விற்பனைக்கு வைப்பதே நேர்மையற்ற வணிக நடைமுறை. பொருளுக்குக் கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய் வரை இருந்தால் கட்டணமில்லாமல், தாம் குடியிருக்கும் மாவட்ட ஆணையத்திலேயே, இணையவழியிலும் புகார் கொடுக்கலாம். வக்கீல் வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. போலிச் சரக்கால் உடலுக்குத் தீங்கு நேர்ந்தால் 91ஆம் பிரிவின்படி சிறைத் தண்டனையும் உண்டு. உயிர் போனால் ஏழாண்டுக்குக் குறையாமல் ஆயுள் வரை. மருந்தென்றால் அதற்குத் தனியாக 1940ஆம் ஆண்டின் மருந்து, அழகுசாதனப் பொருள் சட்டம் இருக்கிறது. அதிகம் விற்கும் 300 மருந்துப் பெயர்களுக்கு 2023 ஆகஸ்டு 1 முதல் தயாராகும் அட்டைகளில் க்யூ.ஆர். குறியீடு கட்டாயம் என்பதால், வாங்கிய இடத்திலேயே செல்போனில் பார்த்துவிடலாம்.

இணையத்தில் வாங்கியவருக்கு 2020ஆம் ஆண்டின் மின்வணிக விதிகள் கூடுதல் பலம் தருகின்றன. போலி என்றால் விற்பனையாளர் திரும்ப எடுத்துக்கொள்ள மறுக்கக் கூடாது. புகாரைப் பெற்றுக்கொண்டதாகத் தளத்தின் குறைதீர் அதிகாரி 48 மணி நேரத்துக்குள் தெரிவித்து, ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும். வாங்கியவர் எழுத்தில் கேட்டால், விற்றவரைப் பற்றிய விவரங்களைத் தளம் கொடுக்க வேண்டும். நடைமுறையில் பணத்தைத் திருப்பித் தந்துவிட்டுப் பொருளை எடுத்துப் போவதில்தான் அவர்கள் அவசரம் காட்டுவார்கள். பொருள் போய்விட்டால் சாட்சியமும் போய்விடும். எனவே எடுத்துப் போக வரும் ஆளிடம் கொடுக்கும் முன், பொருளையும் பெட்டியையும் பேட்ச் எண் தெரியும்படி படமெடுத்து, முத்திரைக்காரரின் வாடிக்கையாளர் பிரிவுக்கு அனுப்பி, இது எங்களுடையதல்ல என்று எழுத்தில் ஒரு பதில் வாங்கிவிடுவது நல்லது. தளத்தையும் விற்பனையாளரையும் சேர்த்தே எதிர்த்தரப்பாகப் போட வேண்டும். புகார் கொடுக்க, பிரச்சினை எழுந்த நாளிலிருந்து இரண்டு ஆண்டு அவகாசம் இருக்கிறது.